கைப்பற்றுதல் வேறு, பறிமுதல் வேறு

தீபாவளி நெருங்கும் வாரங்களில் நாளிதழ்களில் தவறாமல் இடம்பெறும் செய்தி ஒன்று உண்டு. இன்ன ஊரில் உள்ள கடையிலோ கிடங்கிலோ காவல் துறையினரும் வருவாய்த் துறையினரும் சோதனை நடத்தி, இத்தனை லட்சம் ரூபாய் மதிப்பிலான பட்டாசுகளைப் 'பறிமுதல்' செய்தனர் என்பதே அது. படிப்பவர் மனதில் விவகாரம் அத்துடன் முடிந்துவிடுகிறது. உண்மையில் அன்றுதான் அது தொடங்குகிறது. சோதனைக்கு உள்ளானவர் முறையாக உரிமம் பெற்ற வணிகராக இருந்தால், அந்தச் சரக்கு யாருக்குச் சொந்தம், அதை யார் பாதுகாக்க வேண்டும், எப்போது திருப்பித் தர வேண்டும், கெட்டுப்போனால் யார் பொறுப்பு என்ற கேள்விகள் ஒவ்வொன்றாக எழுகின்றன.

இந்தக் குழப்பத்துக்கு நாம் பயன்படுத்தும் சொல்லும் ஒரு காரணம். ஐயத்துக்குரிய பொருளை விசாரணைக்காகவோ பொதுப் பாதுகாப்புக்காகவோ அரசு தன் வசம் எடுத்துக்கொள்வது கைப்பற்றுதல். அப்போதும் பொருள் உரிமையாளருடையதே. உடைமை உரிமையே அரசுக்கு மாறிவிடுவதுதான் பறிமுதல். வெடிபொருள் சட்டத்தின் 10-ஆவது பிரிவு, சட்டத்தை மீறிய குற்றத்துக்காக ஒருவர் தண்டிக்கப்படும்போது, அவரைத் தண்டித்த நீதிமன்றம் வெடிபொருளைப் பறிமுதல் செய்ய உத்தரவிடலாம் என்கிறது. அதாவது, அந்தப் பிரிவின்படி பறிமுதல் என்பது விசாரணையின் முடிவில், நீதிபதியின் கையால் நடக்க வேண்டியது. சோதனை நடந்த அன்று மாலையே அந்தச் சொல்லைச் செய்தியாக்கிவிடுகிறோம். சொல்லில் மட்டுமல்ல, நடைமுறையிலும் கைப்பற்றுதல் பறிமுதலாக மாறிவிடுவதே உரிமம் பெற்ற பட்டாசு வணிகர்களின் முதன்மையான குறை.

சட்டம் சொல்வது என்ன?

பட்டாசு வணிகத்தை ஆள்வது ஆங்கிலேயர் காலத்து 1884-ஆம் ஆண்டு வெடிபொருள் சட்டமும், அதன் கீழ் வகுக்கப்பட்ட 2008-ஆம் ஆண்டு வெடிபொருள் விதிகளும் ஆகும். நாகபுரியைத் தலைமையிடமாகக் கொண்ட பெட்ரோலியம் மற்றும் வெடிபொருள் பாதுகாப்பு அமைப்பும், குறிப்பிட்ட அளவுக்கு உட்பட்ட சரக்குக்கு மாவட்ட நிர்வாகமும் உரிமம் வழங்குகின்றன. நிரந்தரக் கடை செங்கல், கல் அல்லது கான்கிரீட் கட்டடத்தின் தரைத் தளத்தில், 9 சதுர மீட்டருக்குக் குறையாமலும் 25 சதுர மீட்டருக்கு மிகாமலும் இருக்க வேண்டும். பண்டிகைக்கால தற்காலிகக் கொட்டகைகள் ஒன்றுக்கொன்று குறைந்தது 3 மீட்டர் இடைவெளியில் இருக்க வேண்டும். எதிரெதிரே அமையக் கூடாது. ஒரே திடலில் 50 கடைகளுக்கு மேல் கூடாது. எவ்வளவு எடை வரை இருப்பு வைக்கலாம் என்பது உரிமத்திலேயே எழுதப்பட்டிருக்கும்.

இவற்றைச் சரிபார்க்கும் அதிகாரத்தை 7-ஆவது பிரிவு தருகிறது. அதன்படி விதிகளால் அதிகாரம் பெற்ற அலுவலர் கடைக்குள் நுழையலாம், சோதனையிடலாம், மாதிரி எடுக்கலாம், வெடிபொருளைக் கைப்பற்றலாம், அப்புறப்படுத்தலாம், தேவைப்பட்டால் அழிக்கவும் செய்யலாம். இது மிகப் பரந்த அதிகாரம். ஆனால் அதே பிரிவு இரண்டு கடிவாளங்களையும் இட்டிருக்கிறது. எடுக்கப்படும் மாதிரிக்கு அதன் விலையைக் கொடுக்க வேண்டும் என்பது ஒன்று. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் சோதனை குறித்து உள்ள விதிகள், பொருந்தும் அளவுக்கு, இந்தச் சோதனைக்கும் பொருந்தும் என்பது மற்றொன்று. ஆய்வுக்காக எடுக்கும் ஒரு பெட்டி மத்தாப்புக்கே விலை கொடுக்கச் சொல்லும் சட்டம், கடைச் சரக்கு முழுவதையும் கணக்கின்றி அள்ளிச் செல்ல இசைந்திருக்க முடியாது.

2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்துள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா இந்தக் கடிவாளத்தை மேலும் இறுக்கியுள்ளது. சோதனையையும் கைப்பற்றுதலையும், பொருள்களின் பட்டியல் தயாரித்துச் சாட்சிகள் கையொப்பமிடுவதையும் ஒலி, ஒளிப்பதிவு செய்து, அதைத் தாமதமின்றி நடுவருக்கு அனுப்ப வேண்டும் என்கிறது 105-ஆவது பிரிவு. கைப்பற்றப்பட்ட பொருள் நீதிமன்றத்தின் முன் வைக்கப்பட்ட 14 நாள்களுக்குள் அதன் விவர அறிக்கையைத் தயாரித்து, படம் எடுத்து, அடுத்த 30 நாள்களுக்குள் அதை ஒப்படைப்பதா, அழிப்பதா, வேறு வகையில் தீர்வு காண்பதா என்று உத்தரவிட வேண்டும் என்கிறது 497-ஆவது பிரிவு. இந்த எண்ணம் புதியதன்று. கைப்பற்றிய பொருள்கள் காவல் நிலையங்களில் தேவைக்கு மேல் தேங்கிக் கிடக்கக் கூடாது என்று சுந்தர்பாய் தேசாய் வழக்கில் 2002-ஆம் ஆண்டிலேயே உச்சநீதிமன்றம் அறிவுறுத்தியிருந்தது.

தண்டனை சிறிது, இழப்பு பெரிது

இந்தச் சட்டத்தில் பலரும் கவனிக்காத முரண் ஒன்று உள்ளது. விதிகளையோ உரிம நிபந்தனைகளையோ மீறி வெடிபொருள் வைத்திருந்தாலோ விற்றாலோ, 9-பி பிரிவின்படி இரண்டு ஆண்டுகள் வரை சிறை அல்லது 3,000 ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும் விதிக்கலாம். பல சிறிய மீறல்கள் அபராதத்துடனேயே முடியக்கூடியவை. ஆனால் கைப்பற்றப்படும் சரக்கின் மதிப்போ பல லட்சம் ரூபாய். ஆக, வணிகருக்கு உண்மையான தண்டனை தீர்ப்பில் இல்லை. சோதனை நடந்த அன்றே அது நிறைவேறிவிடுகிறது. பின்னர் அவர் விடுவிக்கப்பட்டாலும் அந்தத் தண்டனையைத் திரும்பப் பெற வழியில்லை.

பட்டாசு ஏனைய சரக்குகளைப் போன்றதன்று என்பதும் இதற்குக் காரணம். அதன் சந்தை ஆண்டில் சில நாள்களுக்கே உயிர்பெறுகிறது. தீபாவளிக்கு முந்தைய நாள் ஒரு பெட்டிக்கு உள்ள விலை மறுநாள் இல்லை. ஈரம் பட்டால் வெடிமருந்து கெடும். முறையின்றிக் குவித்தால் உயிருக்கே ஆபத்து. ஓர் இருசக்கர வாகனத்தை ஆறு மாதம் கழித்துத் திருப்பித் தந்தால் உரிமையாளருக்கு ஏதோ மிஞ்சும். ஆறு மாதம் கழித்துத் திரும்பும் பட்டாசை வாங்கிக்கொள்வதே வணிகருக்குச் சுமை.

வழக்குகள் எங்கே எழுகின்றன?

முதல் வகை, அளவு பற்றியது. உரிமத்தில் உள்ள எடை வெடிமருந்தின் எடையா, அட்டைப் பெட்டியும் சேர்ந்த எடையா? அனுமதித்த அளவுக்கு மேல் இருந்தால் கூடுதல் சரக்கை மட்டும் எடுப்பதா, கடையையே காலி செய்வதா? சோதனைக் குழு தராசு கொண்டு வராமல், பெட்டிகளை எண்ணி உத்தேசமாக எடை எழுதிய மகஜர்கள் விசாரணையில் நிற்பது கடினம். அரசுத் தரப்பின் வழக்கு பலவீனமாவது பெரும்பாலும் இத்தகைய அலட்சியத்தால்தான்.

இரண்டாம் வகை, சேர்மானம் பற்றியது. அர்ஜுன் கோபால் வழக்கில் 2018 அக்டோபர் 23 அன்று உச்சநீதிமன்றம் பட்டாசுகளை முற்றிலும் தடை செய்ய மறுத்தது; அதேவேளையில் பேரியம் உப்புகளையும் சரவெடிகளையும் இணையவழி விற்பனையையும் தடை செய்தது. 2021 அக்டோபரில், இந்தத் தடை மீறப்பட்டால் அதிகாரிகளே தனிப்பட்ட முறையில் பொறுப்பேற்க நேரிடும் என்று எச்சரித்தது. 2023 செப்டம்பரில் பேரியத்தை அனுமதிக்கக் கோரிய உற்பத்தியாளர்களின் வேண்டுகோளை நிராகரித்தது. சரவெடியைக் கண்ணால் பார்த்தே அறியலாம். பேரியத்தை ஆய்வகம்தான் அறியும். பெட்டியின் மேல் பசுமைப் பட்டாசு முத்திரையும் கியூஆர் குறியீடும் இருந்து, உள்ளே தடை செய்யப்பட்ட வேதிப்பொருள் இருந்தால், சிவகாசியிலிருந்து பட்டியலுடன் வாங்கி விற்ற சில்லறை வணிகர் அதற்கு எவ்வளவு பொறுப்பு? ஆய்வறிக்கை வரும்வரை சரக்கு எங்கே இருக்க வேண்டும்? இவற்றுக்கு ஊருக்கு ஊர் வெவ்வேறு விடைகள் கிடைக்கின்றன.

மூன்றாம் வகையே மிகவும் சிக்கலானது. வாங்கும்போது சட்டப்படி இருந்த சரக்கு, இடையில் வந்த உத்தரவால் சட்டவிரோதமாகும் நிலை அது. 2016 நவம்பர் 11 அன்று தில்லி, தேசிய தலைநகர் வலயத்தில் பட்டாசு விற்பனை உரிமங்களை உச்சநீதிமன்றம் நிறுத்திவைத்தது. 2017 செப்டம்பர் 12 அன்று அதைத் தளர்த்தியது. அதை நம்பி வணிகர்கள் பணம் போட்டனர். அக்டோபர் 9 அன்று நிறுத்திவைப்பு மீண்டும் நடைமுறைக்கு வந்தது. தளர்வு நவம்பர் 1-இல் இருந்துதான் என்றானது. அந்த ஆண்டு தீபாவளி அக்டோபர் 19. முதலீடு முடங்கிவிட்டது என்று வணிகர்கள் மன்றாடியும் அக்டோபர் 13 அன்று நீதிமன்றம் உத்தரவை மாற்ற மறுத்தது. நான்கு வார இடைவெளியில் அதே உரிமம், அதே கடை, அதே பெட்டி இரண்டு வெவ்வேறு சட்டப் பொருள்களைப் பெற்றன.

மேற்கு வங்கத்தில் 2021-இல் நடந்தது இதன் மறுபக்கம். அக்டோபர் 29 அன்று கொல்கத்தா உயர்நீதிமன்றம் பசுமைப் பட்டாசு உள்ளிட்ட அனைத்துக்கும் தடை விதித்தது. நவம்பர் 1 அன்று உச்சநீதிமன்றம் அதை ரத்து செய்தது. அந்த இடைப்பட்ட நாள்களில் கைப்பற்றப்படும் சரக்கின் நிலை என்ன என்ற கேள்விக்கு எந்தச் சட்டப் பிரிவிலும் நேரடி விடை இல்லை. தில்லி அரசு 2024 டிசம்பரில் ஆண்டு முழுவதுக்குமான தடையை அறிவித்தது. 2025 ஏப்ரலில் அதைத் தளர்த்த மறுத்த உச்சநீதிமன்றம், அதே ஆண்டு அக்டோபர் 15 அன்று சில நாள்களுக்கு மட்டும் பசுமைப் பட்டாசு விற்பனையை அனுமதித்தது. காற்றின் தரம் குறித்த கவலை நியாயமானது. உயிர்வாழும் உரிமை வணிக உரிமைக்கு மேலானது என்பதிலும் மாற்றுக் கருத்து இருக்க முடியாது. ஆனால் கொள்கை மாறும்போதெல்லாம் அதற்கான முழு விலையையும், அரசே உரிமம் கொடுத்து வரவேற்ற வணிகர் மட்டும் சுமப்பது நீதியாகாது.

நான்காம் வகை, கடைக்குச் சீல் வைப்பது. காவல் துறைக்குப் பொருளைக் கைப்பற்றும் பொது அதிகாரம் தந்த குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 102-ஆவது பிரிவு, கட்டடம் போன்ற அசையாச் சொத்துகளுக்குப் பொருந்தாது என்று நெவாடா பிராப்பர்ட்டீஸ் வழக்கில் 2019 செப்டம்பரில் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. அந்தப் பிரிவுதான் இன்று புதிய சட்டத்தில் 106-ஆக உள்ளது. எனவே கடையை மூட வேண்டுமானால் வேறு சட்டத்தில் தெளிவான அதிகாரம் காட்ட வேண்டும். உரிமத்தை நிறுத்திவைக்கவும் ரத்து செய்யவும் வெடிபொருள் சட்டத்தில் தனிப் பிரிவு உண்டு. அதற்குக் காரணங்களை எழுத்தில் பதிவு செய்ய வேண்டும், மேல்முறையீட்டுக்கும் வழி உண்டு. அந்த வழியை விட்டுவிட்டுப் பூட்டில் அரக்கு வைப்பது எளிதாக இருக்கலாம், சட்டமாகாது.

அரசின் பொறுப்பு

கைப்பற்றிய பொருளுக்கு அரசு பொறுப்பா என்ற கேள்விக்கு இந்திய நீதித்துறை தந்த விடைகள் காலத்துக்குக் காலம் மாறியுள்ளன. 1947 செப்டம்பரில், அமிர்தசரஸ் நகை வணிகர் ஒருவரை மீரட்டில் காவல் துறை பிடித்து அவரிடமிருந்த தங்கத்தையும் வெள்ளியையும் கைப்பற்றியது. அவர் விடுவிக்கப்பட்டார்; வெள்ளி திரும்பியது, தங்கம் திரும்பவில்லை. பொருளைக் காத்துவந்த தலைமைக் காவலர் அதை எடுத்துக்கொண்டு பாகிஸ்தானுக்குச் சென்றுவிட்டார். கஸ்தூரிலால் வழக்கு எனப்படும் இதில், கைது செய்வதும் கைப்பற்றுவதும் இறையாண்மைச் செயல்கள், எனவே அரசு இழப்பீடு தர வேண்டியதில்லை என்று 1960-களில் உச்சநீதிமன்றம் கூறியது.

அந்த நிலைப்பாடு நெடுங்காலம் தனித்து நிற்கவில்லை. காவல் நிலையத்தில் இருந்த நகைகள் களவுபோன பசவ்வா வழக்கில், 1977-இல், பொருள் தொலைந்தால் அதன் மதிப்பைத் தர நீதிமன்றம் உத்தரவிடலாம் என்றது உச்சநீதிமன்றம். பட்டாசு வணிகர்களுக்கு மிக நெருக்கமானது 1994-ஆம் ஆண்டின் நாகேந்திர ராவ் வழக்கு. ஆந்திரத்தில் உரிமம் பெற்று உரமும் தானியமும் விற்ற நிறுவனத்தின் சரக்கு 1975 ஆகஸ்டில் கைப்பற்றப்பட்டது. திரும்பப் பெறும் உத்தரவுடன் சென்றபோது சரக்கு அளவிலும் தரத்திலும் கெட்டுக் கிடந்தது. சட்டப்படி கைப்பற்றிய பொருளாக இருந்தாலும், அதைக் காப்பதில் அலட்சியம் காட்டினால் அரசு இழப்பீடு தரக் கடமைப்பட்டது என்று உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. கெட்டுப்போகும் உரத்துக்குப் பொருந்திய இந்த நீதி, இன்னும் விரைவாக மதிப்பிழக்கும் பட்டாசுக்குப் பொருந்தாமல் போக எந்தக் காரணமும் இல்லை.

பாதுகாப்பின் பெயரால்

இவ்வளவும் கூறுவது சோதனையே கூடாது என்பதற்காக அன்று. 2021 அக்டோபரில் கள்ளக்குறிச்சி மாவட்டம் சங்கராபுரத்தில் பட்டாசுக் கடையில் ஏற்பட்ட தீ விபத்து பலரின் உயிரைக் குடித்தது. 2023 அக்டோபர் 7 அன்று கர்நாடக எல்லையில் உள்ள அத்திப்பள்ளியில் பட்டாசுக் கடையும் கிடங்கும் எரிந்ததில் 14 பேருக்கும் மேல் மாண்டனர். அவர்களில் பெரும்பாலோர் பண்டிகைக்கால வேலைக்காகத் தமிழ்நாட்டிலிருந்து சென்ற இளைஞர்கள். ஓர் உரிமத்தைக் காட்டி இரண்டு இடங்களில் சரக்கு வைப்பதும், குடியிருப்புகளுக்கு நடுவே கூடுதல் இருப்பை மறைப்பதும், உரிமத்தையே வாடகைக்கு விடுவதும் நடக்கின்றன. அத்தகைய இடங்களில் அதிகாரிகள் தயங்கி நின்றால் அதன் விலை மனித உயிர்.

ஆனால் கைப்பற்றியவுடன் ஆபத்து நீங்கிவிடுவதில்லை. அது இடம் மாறுகிறது, அவ்வளவுதான். 2025 நவம்பர் 14 அன்று ஸ்ரீநகரின் நவ்காம் காவல் நிலையத்தில், வேறொரு வழக்கில் கைப்பற்றி வைத்திருந்த வெடிபொருள் வெடித்து ஒன்பது பேர் இறந்தனர். அது பட்டாசு அன்று. எனினும் வெடிபொருளைக் காவல் நிலையத்தில் வைத்திருப்பதன் ஆபத்தை அதைவிடக் கொடூரமாகச் சொல்ல முடியாது. 15 மீட்டர் இடைவெளி வேண்டும், கான்கிரீட் சுவர் வேண்டும் என்று வணிகரிடம் கண்டிப்புக் காட்டும் அரசு, அதே சரக்கைத் தன் அலுவலகத்தின் மூலையில் அடுக்கி வைப்பது எந்த விதியின்படி? காவலர்களின் உயிரும் உயிர்தானே.

செய்ய வேண்டியவை

தீர்வுக்குப் புதிய சட்டம் தேவையில்லை. இருக்கும் சட்டத்தை முழுமையாகப் பின்பற்றினாலே பெரும்பாலான வழக்குகள் எழாது. சோதனைக் குழுவில் வெடிபொருள் பற்றி அறிந்த அலுவலர் ஒருவரும், எடைபோடும் கருவியும் இருக்க வேண்டும். வகை, எடை, பெட்டி எண்ணிக்கை ஆகியவற்றுடன் பட்டியலின் நகல் அங்கேயே வணிகருக்குத் தரப்பட வேண்டும். மாதிரியை எடுத்தபின் மீதிச் சரக்கு காவல் நிலையத்துக்கு அன்றி, அருகிலுள்ள உரிமம் பெற்ற கிடங்குக்குச் செல்ல வேண்டும். ஒவ்வொரு மாவட்டமும் செப்டம்பர் மாதத்திலேயே அப்படியொரு கிடங்கை அடையாளம் கண்டு வைக்கலாம். அனுமதித்த அளவுக்கு உட்பட்ட, தடை செய்யப்படாத சரக்கைத் தொடாமல் விட வேண்டும். மிகுதியை மட்டும் பிரித்தெடுக்க வேண்டும்.

கொள்கை மாறும் காலங்களில் வெளியேறும் வழியும் வேண்டும். 2017 செப்டம்பர் உத்தரவிலேயே, நிரந்தர உரிமதாரர்கள் தம் சரக்கை வேறு மாநிலங்களுக்கு அனுப்ப உச்சநீதிமன்றம் இடமளித்தது. புதிய தடை எதுவாயினும், ஏற்கெனவே வாங்கிய சரக்கை உற்பத்தியாளரிடம் திருப்பவோ தடையில்லா இடத்துக்குக் கொண்டுசெல்லவோ கண்காணிப்புடன் கூடிய அவகாசம் அளிக்கும் ஒரு பத்தியை நிரந்தரமாகச் சேர்க்கலாம். தில்லியில் 2024-இல் தடை முறையாகச் செயல்படவில்லை என்று கண்டித்தபோதும், உரிமதாரர்களுக்கு விற்பனையை நிறுத்தும்படி உடனே தெரிவிக்கப்பட்டதா என்பதை உச்சநீதிமன்றம் ஒரு முக்கியக் கேள்வியாக எழுப்பியது. முதலில் அறிவிப்பு, பிறகே நடவடிக்கை என்ற முறை வணிகருக்குச் செய்யும் சலுகையன்று. தடையை வெற்றிபெறச் செய்யும் வழியும் அதுவே.

வணிகர்கள் தரப்பிலும் கடமை உண்டு. கொள்முதல் பட்டியல், இருப்புப் பதிவேடு, உரிமத்தின் நகல் ஆகிய மூன்றும் கடையில் எந்நேரமும் தயாராக இருந்தால், பாதி வழக்கு அங்கேயே முடிந்துவிடும். அவற்றைக் காட்ட முடியாதவர் 'நான் உரிமம் பெற்றவன்' என்று சொல்வதில் பொருளில்லை.

உரிமம் என்பது இருதரப்பு வாக்குறுதி. இன்ன இடத்தில், இன்ன அளவில், இன்ன பொருளை மட்டும் வைத்திருப்பேன் என்று வணிகர் அரசுக்கு வாக்களிக்கிறார். அந்த எல்லைக்குள் நிற்கும்வரை உன் தொழிலையும் உடைமையையும் சட்டப்படியன்றித் தொட மாட்டேன் என்று அரசு வணிகருக்கு வாக்களிக்கிறது. சட்டத்தின் அதிகாரமின்றி எவருடைய சொத்தையும் பறிக்கக் கூடாது என்னும் அரசமைப்பின் 300-ஏ பிரிவு சொல்வதும் இதையே. உரிமம் பெற்றவரும் பெறாதவரும் ஒரே விதமாக நடத்தப்பட்டால், உரிமம் பெறுவதற்கு வரிசையில் நிற்க எவரும் முன்வர மாட்டார்கள். அந்த வணிகம் சந்துகளுக்குள்ளும் வீடுகளுக்குள்ளும் ஒளிந்துகொள்ளும். அடுத்த விபத்து நடப்பதும் அங்கேயாகத்தான் இருக்கும்.